ஏற்றதை ஆற்றுதல்: நிலம் விற்கும் உடன்படிக்கையும் நீதிமன்றமும்



மொழி வளர்க்கும் மேடையில் நிலத்தைப் பற்றியும் வழக்கைப் பற்றியும் பேசுவது பொருந்துமா என்று சிலர் எண்ணக்கூடும். பொருந்தும் என்பதே நம் கருத்து. நம் மக்களிடையே வீட்டுப் பேரம் நடப்பது தமிழில். உடன்படிக்கை எழுதப்படுவது பெரும்பாலும் ஆங்கிலத்தில். நில அலுவலகப் படிவமும் நீதிமன்ற நடவடிக்கையும் மலாயில். மூன்று மொழிகளுக்கிடையே ஒரு குடும்பத்தின் சேமிப்பு முழுவதும் கைமாறுகிறது. தமிழில் பேசியது ஒன்றும் ஆங்கிலத்தில் எழுதியது வேறொன்றுமாக இருந்தால், நீதிமன்றம் எழுதியதையே பார்க்கும். கையெழுத்திட்டவர் தாம் படிக்கவில்லை என்றோ, விளங்கவில்லை என்றோ சொல்வது எளிதில் எடுபடும் வாதமன்று.

இன்று நாம் எடுத்துக்கொள்ளும் கேள்வி ஒன்றே. ஒருவர் தம் வீட்டை 200,000 ரிங்கிட்டுக்கு விற்க உடன்பட்டு, 20,000 ரிங்கிட்டைப் பெற்றுக்கொள்கிறார். எஞ்சிய தொகையை மூன்று மாதத்தில் தர வேண்டும். இதற்கிடையில் விலை ஏறுகிறது; வேறொருவர் கூடுதலாகத் தர முன்வருகிறார். விற்பவர், 'உங்கள் இருபதாயிரத்தைத் திருப்பி வாங்கிக்கொள்ளுங்கள். வீடு கிடையாது' என்கிறார். வாங்க உடன்பட்டவர் அந்த வீட்டையே கேட்டு நீதிமன்றம் செல்ல முடியுமா? அல்லது பணத்தோடு மனநிறைவு கொள்ள வேண்டியதுதானா?

இதற்குத் தமிழ்நாட்டு நீதிமன்றங்களில் வழங்கும் ஓர் அருமையான தொடர் உண்டு: ஏற்றதை ஆற்றுதல். ஒருவர் எதை ஏற்றுக்கொண்டாரோ அதையே ஆற்றுமாறு பணிப்பது என்பது பொருள். பல ஆண்டுகளாக அங்கே வழக்குரைகளில் எழுதப்பட்டு வரும் இத்தொடரை நம் நாட்டில் அறிந்தோர் மிகச் சிலர். இழப்பீடு என்பது பணம். ஏற்றதை ஆற்றுதல் என்பது அந்த வீடே. இரண்டும் வெவ்வேறு பரிகாரங்கள்.

'ஒப்பந்தம்' என்ற சொல் இருக்க, 'உடன்படிக்கை' என்று நாம் சொல்வதற்குக் காரணம் உண்டு. இந்நாட்டுத் தமிழரின் நினைவில் 'ஒப்பந்தம்' என்பது ஒப்பந்தக் கூலியோடு ஒட்டிக்கொண்ட சொல். பினாங்கில் ஆங்கிலச் சட்டம் எந்த அளவு செல்லும் என்பதை வகுத்துரைத்த 1858-ஆம் ஆண்டின் புகழ்பெற்ற தீர்ப்பே, தோட்டத் தொழிலாளி ஒருவரின் வேலை ஒப்பந்தத்தால் எழுந்த வழக்கில் ரெக்கார்டர் சர் பென்சன் மேக்ஸ்வெல் வழங்கியதுதான். 1807-ஆம் ஆண்டின் அரசுச் சாசனத்தால் இத்தீவில் நீதிமன்றம் அமைந்தது. அதன்முன் நம்மவர் வாதியாகவும் எதிர்வாதியாகவும் நின்ற வரலாறு தனியே எழுதத் தக்கது. இன்று அதற்குள் நுழைய நேரமில்லை.

முதலில் தெளிவுபடுத்த வேண்டியது, விற்கும் உடன்படிக்கையும் விற்பனையும் ஒன்றல்ல என்பது. 'வீட்டை வாங்கிவிட்டேன், உடன்படிக்கையில் கையெழுத்தும் ஆகிவிட்டது' என்று மகிழ்ச்சியோடு சொல்பவரைக் காண்கிறோம். அவர் இன்னும் வாங்கவில்லை. வாங்குவதற்கான உரிமையைப் பெற்றிருக்கிறார், அவ்வளவே. பினாங்கில் இந்த வேறுபாடு இன்னும் ஆழமானது. 1966 ஜனவரி 1 வரை இங்கும் மலாக்காவிலும் ஆங்கிலேயர் வழக்கப்படி பத்திரங்களே உரிமையைச் சுமந்தன. பெட்டியில் இருக்கும் பழைய பத்திரங்களின் கோவையே வீட்டுக்குச் சான்று. அந்நாளில் தேசிய நிலச் சட்டமும், பினாங்கு மலாக்கா உரிமைப் பத்திரங்களுக்கான தனிச் சட்டமும் நடைமுறைக்கு வந்தன. அதுமுதல், ஆஸ்திரேலியாவில் தோன்றிய டோரன்ஸ் முறைப்படி, பதிவேட்டில் யார் பெயர் இருக்கிறதோ அவரே உரிமையாளர். ஆயினும் பெட்டிக் காலத்து மனப்பான்மை நம்மை விட்டு அகலவில்லை. 'கிராண்ட் என் கையில் இருக்கிறது' என்பதே போதும் என்று நம்புவோர் இன்றும் உளர். கிராண்ட்டைக் கையில் வைத்திருப்பவர் உரிமையாளர் ஆகிவிடுவதில்லை.

அப்படியானால் பதிவாகாத உடன்படிக்கைக்கு மதிப்பே இல்லையா? உண்டு. பதிவு இல்லாமல் நில உரிமை மாறாது என்று சொல்லும் அதே 206-ஆம் பிரிவு, தரப்பினரிடையே உடன்படிக்கை உடன்படிக்கையாகச் செல்லுவதை அது தடுக்காது என்றும் சொல்கிறது. அந்தச் சிறு விலக்கின் மேல்தான் நம் வாதியின் வழக்கு முழுவதும் நிற்கிறது.

வழக்குக்கு அடிப்படையான சட்டம் 1950-ஆம் ஆண்டின் குறித்தவகைப் பரிகாரச் சட்டம். இதன் வேர் இந்தியாவில், 1877-இல் இயற்றப்பட்ட சட்டத்தில் இருக்கிறது. நம் உடன்படிக்கைச் சட்டத்தின் வேரும் அங்கே 1872-ஆம் ஆண்டின் சட்டத்தில்தான். மலாய் மாநிலங்களில் இவை முன்னரே வழங்கின. ஆங்கிலச் சட்டத்தைப் பின்பற்றிவந்த பினாங்குக்கு 1974-இல்தான் இவை நீட்டப்பட்டன. ஆகவே மதுரையிலோ தஞ்சையிலோ எழுந்த ஒரு நில வழக்கின் தீர்ப்பு நம் லைட் தெரு உயர் நீதிமன்றத்தில் எடுத்துக்காட்டப்படுவதில் வியப்பில்லை. கட்டுப்படுத்தாது, ஆயினும் ஒரே குடும்பத்துச் சட்டம் என்பதால் செவிமடுக்கப்படும்.

அச்சட்டத்தின் 11-ஆம் பிரிவில், வாங்குபவருக்கு மிகவும் துணையான ஓர் ஊகம் இருக்கிறது. நிலத்தை மாற்றித் தரும் உடன்படிக்கையை மீறினால், பணத்தால் அதைப் போதிய அளவு ஈடுசெய்ய முடியாது என்றே நீதிமன்றம் கொள்ளும். மாறாக மெய்ப்பிக்கும் சுமை எதிர்த்தரப்பின் மேல் விழும். ஒரு மூட்டை அரிசியைத் தராவிட்டால் வேறொரு மூட்டையை வாங்கிக்கொள்ளலாம். வீடு அத்தகையதன்று. அதன் தெரு, அண்டை அயல், பிள்ளைகளின் பள்ளி, கோயிலுக்கு நடக்கும் தொலைவு என எல்லாம் சேர்ந்ததே வீடு. சட்டம் இதை ஒப்புக்கொண்டிருப்பது பாராட்டத்தக்கது.

ஆனால் ஊகத்தோடு வழக்கு முடிவதில்லை. இப்பரிகாரத்தை வழங்குவதும் மறுப்பதும் நீதிமன்றத்தின் விருப்புரிமை என்று 21-ஆம் பிரிவு கூறுகிறது. மனம்போன போக்கில் அன்று, நீதிநெறிக்கு உட்பட்ட விருப்புரிமை. அங்கே நீதிபதி வாதியைப் பார்த்துக் கேட்கும் முதற்கேள்வி, 'நீங்கள் உங்கள் பங்கை ஆற்றினீர்களா? ஆற்ற ஆயத்தமாக இருந்தீர்களா?' என்பதே. மூன்று மாதத்தில் 180,000 ரிங்கிட் தர ஒப்பியவர், அதைத் தரும் வல்லமை தமக்கு இருந்தது என்று காட்ட வேண்டும். வங்கிக் கடன் ஒப்புதல் கடிதம் உண்டா? தம் வழக்கறிஞர் வாயிலாக விற்பவரின் வழக்கறிஞருக்குப் பணம் ஆயத்தம் என்று எழுதினாரா? காலம் முடிந்தபின் அமைதியாக இருந்துவிட்டு, விலை இருமடங்கானதும் விழித்தெழுந்து வழக்குத் தொடுத்தாரா?

இதற்கு மதுரையில் எழுந்த ஒரு வழக்கு நல்ல விளக்கம். நகர்ப்புற வீட்டுமனை ஒன்றை 60,000 ரூபாய்க்கு விற்க 1978 டிசம்பரில் உடன்படிக்கை. முன்தொகை 5,000 ரூபாய். ஆறு மாதத்திற்குள் முடிக்க வேண்டும். வாங்க உடன்பட்டவர் இரண்டரை ஆண்டு கழித்து 1981-இல் வழக்குத் தொடுத்தார். இந்திய உச்ச நீதிமன்றம் 1997-இல் அவருக்கு வீட்டைத் தர மறுத்தது. நிலத்தைப் பொறுத்தவரை காலம் உடன்படிக்கையின் உயிர்நாடி அன்று என்பது பழைய விதி. நகர நிலத்தின் விலை விரைந்து ஏறும் காலத்தில் அவ்விதியைக் கண்ணை மூடிக்கொண்டு கடைப்பிடிக்க முடியாது என்று நீதிபதிகள் கருதினர். சிறுதொகையைக் கொடுத்துவிட்டு ஆண்டுக்கணக்கில் காத்திருப்பவர், விற்பவரின் செலவில் விலையேற்றத்தைத் தாம் அனுபவிக்க முயல்கிறார் அல்லவா? விற்பவரின் பக்கமும் ஒரு நியாயம் உண்டு என்பதை நம் மேடைகளில் அதிகம் பேசுவதில்லை.

இந்தியா 2018-இல் இச்சட்டத்தைத் திருத்தி, விருப்புரிமையைப் பெரும்பாலும் நீக்கிவிட்டது. உடன்படிக்கை நிலைநாட்டப்பட்டால் அதை நிறைவேற்றிவைப்பதே அங்கு இப்போது பொதுவிதி. நாம் இன்னும் பழைய வடிவத்திலேயே இருக்கிறோம். நம் மதிப்பீட்டில் பழைய வடிவமே மேல். நேர்மையற்ற விற்பவருக்குப் புகலிடம் தருகிறது என்று அதைக் குறை கூறுவோர் உளர். எழுத்தறிவு குறைந்த ஒரு முதியவரிடம் அடிமாட்டு விலைக்கு எழுதி வாங்கப்பட்ட வீட்டையும் நீதிபதி கட்டாயம் தந்தே தீர வேண்டும் என்ற நிலை அதைவிடக் கொடியது.

அடுத்து, உடன்படிக்கை என்ற ஒன்று உண்டானதா என்ற கேள்வி. நம் ஊரில் வீட்டு முகவர் ஒரு தாளை நீட்டி, இரண்டு விழுக்காட்டைப் பெற்றுக்கொள்வார். எஞ்சிய எட்டு விழுக்காடு முறையான விற்பனை உடன்படிக்கையில் கையெழுத்திடும்போது. அதற்குள் ஒருவர் மனம் மாறினால், அந்த ஒற்றைத் தாள் கட்டுப்படுத்துமா? ஆயர் ஹீத்தாம் டின் டிரெட்ஜிங் வழக்கில் 1994-இல் உச்ச நீதிமன்றம், முறையான உடன்படிக்கை கையெழுத்தானாலன்றிக் கட்டுப்பட எண்ணவில்லை என்பது கடிதப் போக்குவரத்தில் தெரிந்ததால், உடன்படிக்கையே உண்டாகவில்லை என்றது. இரண்டே ஆண்டில், சார்ல்ஸ் கிரேனியர் வழக்கில் கூட்டரசு நீதிமன்றம் மாறான முடிவுக்கு வந்தது. அங்கே சொத்து, விலை, தரப்பினர் எல்லாம் தீர்மானமாகிவிட்டன. பின்னர் எழுதவிருந்த ஆவணம் வெறும் முறைமை. இரு தீர்ப்புகளும் முரண்படுகின்றன என்று எண்ண வேண்டா. தாளில் உள்ள சொற்களே முடிவை மாற்றின. 'உட்பட்டு' என்ற ஒரு சொல் எங்கே நிற்கிறது, எதற்கு உட்பட்டு என்பதைப் பார்க்காமல் கையெழுத்திடுவது பேதைமை.

சொல்லின் ஆற்றலுக்கு இன்னொரு சான்று, அச்சாரம். நம் பாட்டன்மார் அறிந்திருந்த இச்சொல்லை மறந்து, இன்று எல்லாவற்றையும் 'முன்பணம்' என்கிறோம். அச்சாரம் என்பது, சொன்ன சொல்லைக் காப்பேன் என்பதற்குப் பிணையாகத் தருவது. சொல் தவறினால் போய்விடும். விலையின் ஒரு பகுதியாக முன்கூட்டித் தரும் தொகை அத்தகையதன்று. அது திரும்பக் கேட்கத்தக்கது. சட்டமும் இவ்வாறே பிரிக்கிறது. லிங்கி பிளாண்டேஷன்ஸ் என்னும் தோட்டக் குழுமம் தன் நிலத்தை விற்க உடன்பட்டு, பத்து விழுக்காட்டை அச்சாரமாகப் பெற்றது. வாங்க உடன்பட்டவரால் எஞ்சியதைத் தர இயலவில்லை. தொகையைத் திருப்பித் தருமாறு அவர் வழக்காடினார். நம் மேல்முறையீடுகள் அக்காலத்தில் சென்றடைந்த இலண்டன் பிரிவி கவுன்சில், லார்டு ஹெயில்ஷம் வாயிலாக, நியாயமான அளவுள்ள அச்சாரத்தை விற்பவர் தம் நட்டத்தை மெய்ப்பிக்காமலேயே வைத்துக்கொள்ளலாம் என்று தீர்த்தது. 1972-ஆம் ஆண்டுச் சட்ட அறிக்கையில் அது வெளிவந்தது.

2018-இல் கியூபிக் எலக்ட்ரானிக்ஸ் வழக்கில் நம் கூட்டரசு நீதிமன்றம் இதை மீண்டும் ஆராய்ந்தது. அச்சாரமும் 75-ஆம் பிரிவின் 'நியாயமான இழப்பீடு' என்ற அளவுகோலுக்கு உட்பட்டதே. ஆனால் தொகை மிகையானது என்று காட்டும் பொறுப்பு, சொல் தவறியவரையே சாரும் என்றது. ஆகவே வழக்கமான பத்து விழுக்காட்டைத் தந்துவிட்டுப் பின்வாங்குபவர், அது திரும்பும் என்று எதிர்பார்க்கலாகாது. முப்பது விழுக்காட்டை வாங்கி வைத்துக்கொண்டு அதையும் 'அச்சாரம்' என்று பெயரிட்டு விழுங்க முயலும் விற்பவரும் எளிதில் தப்ப முடியாது.

இனி, நம் எடுத்துக்காட்டுக்குத் திரும்புவோம். விற்பவர் மறுத்துவிட்டார், வேறொருவருக்கு விற்க முனைகிறார். வழக்கு முடிவதற்குள் வீடு மூன்றாமவர் பெயரில் பதிவாகிவிட்டால்? அம்மூன்றாமவர் ஏதும் அறியாமல் உரிய விலை கொடுத்து வாங்கியவராக இருப்பின், தீர்ப்பு வெறும் தாளாகிவிடும். இதைத் தடுப்பதே கேவியட். நிலப் பதிவேட்டில் 'இதில் எனக்கு உரிமைக்கோரிக்கை உண்டு' என்று பதிந்து வைக்கும் குறிப்பு அது. அது இருக்கும்வரை வேறு பரிமாற்றம் பதிவாகாது. தனியார் கேவியட்டின் ஆயுள் ஆறாண்டு. உடன்படிக்கை கையெழுத்தான அன்றே, அல்லது மறுநாளே, இதைப் பதிவது வழக்கறிஞரின் கடமை. வழக்கறிஞரே இல்லாமல், உறவினரை நம்பி, நோட்டுப் புத்தகத் தாளில் எழுதிக்கொண்டவர்களுக்கு இதை யார் சொல்வது?

கேவியட்டை ஆயுதமாகப் பயன்படுத்தி விற்பவரை முடக்கிப் போடுவோரும் உளர். 1979-இல் பிரிவி கவுன்சில், லார்டு டிப்லாக்கின் தீர்ப்பில், கேவியட்டை ஓர் இடைக்காலத் தடையாணைக்கு ஒப்பிட்டது. விசாரணைக்குரிய மெய்யான வழக்கு உண்டு என்று காட்ட வேண்டியவர் கேவியட் பதிந்தவரே. காட்டாவிட்டால் அது நீக்கப்படும். காரணமின்றிப் பதிந்தவர் இழப்பீடும் தர நேரும்.

முழுவிலையும் தந்தாகிவிட்டது, பதிவு மட்டும் எஞ்சியிருக்கிறது என்ற நிலையோ வேறு. தெமெங்கோங் செக்யூரிட்டீஸ் என்ற நிறுவனத்தின் வழக்கு ஜொகூரில் எழுந்து 1976-இல் பிரிவி கவுன்சிலில் முடிந்தது. விலை முழுவதையும் பெற்று, உரிமைப் பத்திரத்தையும் கையொப்பமிட்ட மாற்றுப் படிவத்தையும் கொடுத்துவிட்ட விற்பவர், அதன்பின் வெறும் பொறுப்பாளரே; அவருடைய வரிக்கடனுக்காக அரசு அந்நிலத்தின் மேல் கைவைக்க இயலாது என்று அங்கே தீர்ந்தது. பதிவேட்டில் பெயர் அவருடையது, நிலமோ வாங்கியவருடையது. ஆண்டுக்கணக்கில் தவணை கட்டி முடித்து அவ்வீட்டிலேயே வாழ்ந்து வருபவர்களுக்கு இத்தீர்ப்பு பெருந்துணை. ஆனால் கட்டியதற்குச் சான்று வேண்டும். 'அண்ணனிடம் போய் ரசீது கேட்பதா?' என்ற நம் கூச்சத்தை நீதிமன்றம் அறியாது. 1953-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டமும் உண்டு. உடன்படிக்கை மீறலுக்குப் பணம் கேட்க ஆறாண்டு, நிலத்தை மீட்கப் பன்னிரண்டாண்டு.

விற்பவர் யார் என்பதையும் பார்க்க வேண்டும். பினாங்கின் பழைய கடைவீடுகள் பலவும் பாட்டன் பெயரிலேயே நிற்கின்றன. உயில் இன்றி ஒருவர் இறந்தால், நிர்வாக உரிமை பெற்ற மகனோ மருமகனோ நீதிமன்றத்தின் முன்னனுமதி இன்றி நிலத்தை மாற்றித் தர முடியாது என்பது 1959-ஆம் ஆண்டின் சட்டத்தில் 60-ஆம் பிரிவு. 'அப்பா சொத்து, நான்தான் மூத்தவன்' என்பவரிடம் அச்சாரம் கொடுப்பவர் இதை அறிந்திருக்க வேண்டும். அனுமதி இன்றி எழுதிய உடன்படிக்கையைப் பங்காளிகள் எதிர்த்து நிற்பர்.

விற்பவரே போலியாக இருந்துவிடுவதும் உண்டு. தஞ்சோங் பூங்காவில் தாய்லாந்துப் பெண்மணி ஒருவருக்குச் சொந்தமான நிலத்தை, அவரைப் போல் நடித்த ஒருவர் அடோர்னா என்ற நிறுவனத்துக்கு விற்றார். உண்மையான உரிமையாளர் கையெழுத்தே இடவில்லை. ஆயினும் கூட்டரசு நீதிமன்றம் 2000 டிசம்பரில், நல்லெண்ணத்தோடு விலை கொடுத்து வாங்கியவரின் பதிவே செல்லும் என்றது. நாடெங்கும் நில உரிமையாளரைத் திடுக்கிட வைத்த அத்தீர்ப்பு, 2010 ஜனவரியில் அதே நீதிமன்றத்தால் தவறென்று கைவிடப்பட்டது. இன்று, போலியிடமிருந்து நேரடியாக வாங்கியவரின் பதிவு நிலைக்காது. ஆகவே எச்சரிக்கை வாங்குபவரின் பொறுப்பாகிறது. விற்பவரின் அடையாள அட்டையைப் பார்ப்பதோடு நில்லாமல், கொம்தாரில் நில அலுவலகப் பதிவேட்டைத் தேடிப் பார்த்தல், அவ்வீட்டில் குடியிருப்போரை ஒருமுறை நேரில் கண்டு பேசுதல் ஆகிய சிறு செயல்கள் பின்னர் வரும் பெருவழக்கைத் தவிர்க்கும்.

வழக்கில் வென்றபின் என்ன நடக்கும் என்று பலர் கேட்கின்றனர். தோற்ற விற்பவர் கையெழுத்திட மறுத்தால், அவருக்குப் பதிலாக நீதிமன்றப் பதிவாளரே 14ஏ படிவத்தில் கையொப்பமிடுமாறு ஆணை பெறலாம். எஞ்சிய விலையை வாதி செலுத்த வேண்டும்; முத்திரை வரி கட்ட வேண்டும்; அதன்பின் நில அலுவலகம் பதியும். எதிர்வாதிக்கு உண்மையான வாதம் ஏதும் இல்லையெனில், 2012-ஆம் ஆண்டின் நீதிமன்ற விதிகளில் 81-ஆம் ஆணையின்கீழ் முழு விசாரணை இன்றியே சுருக்கமாகத் தீர்ப்புக் கேட்க வழியுண்டு. இவ்வழியை அறியாததால், தமக்கு வலுவான வழக்கு இருந்தும் 'கோர்ட்டுக்குப் போனால் பத்து வருடம்' என்று அஞ்சி, திருப்பித் தந்த அச்சாரத்தை வாங்கிக்கொண்டு ஒதுங்கிவிடுவோர் பலர்.

இம்மன்றத்தின்முன் ஒரு வேண்டுகோளை வைக்கிறோம். அச்சாரம், பகுதித்தொகை, உடன்படிக்கை, கிரயம், நிர்வாக உரிமை, பொறுப்பாளர் என்னும் சொற்களுக்கு மலாயிலும் ஆங்கிலத்திலும் உள்ள நிகரன்களோடு ஒரு சிறு கையேட்டை மன்றம் தொகுத்து வெளியிட வேண்டும். பதினாறு பக்கம் போதும். வழக்கறிஞர் அலுவலகத்தில் கையெழுத்திடும் முன் ஒரு தாய் அதைப் புரட்டிப் பார்க்கும் அளவுக்கு எளிமையாக அது அமைய வேண்டும். கேவியட்டுக்கு மட்டும் நம்மிடம் பொருத்தமான சொல் இன்னும் அமையவில்லை. 'தடைக்குறிப்பு' என்று சிலர் எழுதுகின்றனர். தடுப்பதையும் அறிவிப்பதையும் ஒருங்கே அது சுட்டுகிறதா என்பதில் நமக்கு ஐயம் உண்டு. அவையில் இருக்கும் புலவர் பெருமக்கள் இதற்கு என்ன சொல்வார்கள் என்பதைக் கேள்வி நேரத்தில் கேட்க விழைகிறோம்.